8085 புக்குல எல்லாரும் தாண்டிப் போற பக்கங்கள்

தமிழ்நாட்டுல ஈசிஇ, ட்ரிபிள்ஈ, இன்ஸ்ட்ரூமென்டேஷன் எது படிச்சவங்களா இருந்தாலும் இன்டெல்லோட 8085-ங்கற மைக்ரோப்ராசசர் சிப்பை தாண்டாம டிகிரி வாங்கியிருக்க மாட்டாங்க, ரொம்ப வருஷமா நிலைமை அப்படித்தான் இருந்துச்சு. அந்த பேப்பருக்கு சிலபஸ்ல பெரும்பாலும் டெக்ஸ்ட்புக்னு போட்டிருந்தது ரமேஷ் கவோன்கர் எழுதின தடியான புக். நடைமுறைல நடந்தது வேற. லைப்ரரில அந்த புக் அட்டை கிழிஞ்சு கிடக்கும், எக்ஸாமுக்கு முந்தின வாரம் லோக்கல் ஆத்தர் புக்ல இருந்து பின் டயக்ராமும் ஆர்க்கிடெக்சர் பிளாக் டயக்ராமும் ஜெராக்ஸ் எடுத்து மக் அப் பண்ணி பதினாறு மார்க் வாங்கிட்டு போயிடுவாங்க. அப்புறம் அவங்களே பத்து வருஷம் கழிச்சு "1976-ல வந்த சிப்பை எதுக்குப்பா எங்களுக்கு சொல்லிக் கொடுத்தாங்க"ன்னு கேப்பாங்க.

கேள்வில நியாயம் இருக்கு. "பேசிக்ஸ் முக்கியம்"னு பதில் சொல்றவங்க எந்த பேசிக்ஸ்னு சொல்றதே இல்ல. ஆர்க்கிடெக்சர் படம், ரெஜிஸ்டர் (சிப்புக்குள்ள நம்பரை வச்சுக்கிற சின்ன இடம்) பேரு, இன்ஸ்ட்ரக்ஷன் லிஸ்ட் இதெல்லாம் பேசிக்ஸ் கிடையாது, அது அந்த ஒரு சிப்போட டீடெய்ல், இன்னொரு சிப்புக்கு போனா எல்லாமே மாறிடும். 8085-ஐ படிக்கிறதுல எனக்கு தெரிஞ்சு உருப்படியான லாபம்னா ஒண்ணுதான்: ப்ராசசரும் மெமரியும் பேசிக்கிற பேச்சு அதுல வெளிய வயர்லயே நடக்குது, ஆசிலோஸ்கோப் வச்சா பாக்கலாம், பேனா எடுத்தா வரையலாம். இப்போ வர்ற சிப்ல அது முழுக்க உள்ள புதைஞ்சு போச்சு. அந்த பேச்சை கவோன்கர் நாலாவது அத்தியாயத்துல ரொம்ப பொறுமையா பிரிச்சு வச்சிருக்காரு, நம்மாளுங்க சரியா அதைத்தான் தாண்டிட்டு ப்ரோக்ராம் பகுதிக்கு ஓடுறாங்க.

புக்கை பத்தி கொஞ்சம் சொல்லிடறேன். முதல் எடிஷன் 1984. ஆசிரியர் அமெரிக்காவுல நியூயார்க் மாநிலத்துல சிரக்யூஸ் பக்கம் இருக்கிற ஆனன்டாகா கம்யூனிட்டி காலேஜ்ல பாடம் எடுத்தவர். கம்யூனிட்டி காலேஜ்னா ரெண்டு வருஷ படிப்பு, டெக்னீஷியன் வேலைக்கு போறவங்க நிறைய வர்ற இடம், அதனாலதானோ என்னவோ புக்ல எதையும் "இது உங்களுக்கே தெரிஞ்சிருக்கும்"னு விட்டுட்டு போற பழக்கமே இல்ல. மூணு பாகம். முதல்ல ஹார்டுவேரும் இன்டர்ஃபேசிங்கும் (சிப்போட மெமரி மாதிரி மத்ததை இணைக்கிறது), ரெண்டாவது ப்ரோக்ராமிங், மூணாவது பெரிஃபெரல்னு சொல்ற துணை சிப்கள். ஹார்டுவேர் முதல்ல வர்றது சும்மா இல்ல, ப்ரோக்ராம்னா என்னன்னு தெரியறதுக்கு முன்னாடி வயர்ல என்ன ஓடுதுன்னு தெரியணும்கறது அந்த வரிசையிலயே இருக்கு.

சிப்போட கதையும் கொஞ்சம் தெரிஞ்சா நல்லது, இல்லன்னா அந்த டிசைன் ஏன் அப்படி இருக்குன்னே புரியாது. இன்டெல் 1971-ல 4004 விட்டுச்சு, ஜப்பான்ல பிசிகாம்னு ஒரு கால்குலேட்டர் கம்பெனிக்காக பண்ணது, 2,300 ட்ரான்சிஸ்டர். 1972-ல 8008, 1974-ல 8080. 8080 நல்லா ஓடுன சிப்தான் ஆனா அதை வச்சு ஒரு போர்டு பண்றது பெரிய தலைவலி, ப்ளஸ் 5, மைனஸ் 5, ப்ளஸ் 12னு மூணு சப்ளை வேணும், க்ளாக்குக்கு 8224னு தனி சிப், கன்ட்ரோல் சிக்னலுக்கு 8228னு இன்னொரு சிப். 8085 அந்த ரெண்டு சிப்போட வேலையையும் உள்ள இழுத்துக்கிச்சு, 5 வோல்ட் ஒரே சப்ளைல ஓடும், பேர்ல இருக்கிற அந்த கடைசி 5-ம் அதுக்குத்தான். மொத்தம் சுமார் 6,500 ட்ரான்சிஸ்டர். இதுக்கும் மேல இன்டரப்ட் பின், அதாவது ஓடிட்டு இருக்கிற வேலையை நிறுத்தி வேற வேலைக்கு சிப்பை கூப்பிடற பின், நாலு புதுசா சேர்த்தாங்க, சீரியலா ஒரு பிட் உள்ள வர ஒரு பின், வெளிய போக ஒரு பின். ஆனா பேக்கேஜ் அதே 40 பின்தான். அப்போ இடம் எங்கிருந்து வரும்?

அட்ரஸுக்கு 16 வயர், டேட்டாவுக்கு 8 வயர், ரெண்டுமே சேர்ந்து 24 பின் தின்னுடும். அதனால அட்ரஸோட கீழ் பாதி 8 பிட்டையும் டேட்டா 8 பிட்டையும் ஒரே எட்டு வயர்ல போட்டுட்டாங்க, ஏடி0 முதல் ஏடி7 வரைன்னு பேர். ஒரே கல்யாண மண்டபத்துல காலைல முகூர்த்தம், சாயங்காலம் கட்சிக் கூட்டம் மாதிரி, இடம் ஒண்ணுதான், உள்ள இப்போ என்ன நடக்குதுன்னு வாசல்ல போர்டு பாத்துதான் தெரிஞ்சுக்கணும். அந்த போர்டுதான் ஏஎல்இ (அட்ரஸ் லாட்ச் எனேபிள்) சிக்னல். அது ஹையா இருந்தா எட்டு வயர்ல இப்போ ஓடுறது அட்ரஸ். அது கீழ இறங்குற நேரத்துல வெளிய ஒரு லாட்ச், வழக்கமா 74எல்எஸ்373, அந்த எட்டு பிட்டை பிடிச்சு வச்சுக்கும், அதுக்கப்புறம் அதே வயர் டேட்டாவுக்கு ஃப்ரீ ஆயிடும். இந்த ஒரு விஷயத்தை "ஏஎல்இ யூஸ்டு டு டீமல்டிப்ளெக்ஸ்"னு டூ மார்க் பதிலா எழுதிட்டு வந்தவங்க ஆயிரக்கணக்குல இருப்பாங்க, எழுதினவங்கள்ல பாதி பேருக்கு அது ஏன் தேவைப்பட்டுச்சுன்னு தெரிஞ்சிருக்காதுன்னு நான் பந்தயம் கட்டுவேன்.

இப்போ ஒரே ஒரு இன்ஸ்ட்ரக்ஷனை எடுத்துக்கலாம். எஸ்டிஏ 4200, அதாவது ஏ ரெஜிஸ்டர்ல இருக்கிறதை 4200-ங்கற மெமரி இடத்துல கொண்டு போய் வை, எல்லா நம்பரும் ஹெக்ஸ்லதான் (பத்துக்கு பதிலா 16-ஐ அடிப்படையா வச்ச எண் முறை). இதோட ஆப்கோட், அதாவது அந்த கட்டளைக்கான நம்பர், 32. ப்ரோக்ராம் 4100-ல ஆரம்பிக்குதுன்னா 4100-ல 32, 4101-ல 00, 4102-ல 42 இருக்கும். அட்ரஸோட கீழ் பாதி முதல்ல, மேல் பாதி அப்புறம். லேப்ல முதல் தடவை கிட்ல (8085 வச்ச பயிற்சி போர்டு) டைப் பண்றப்போ 42 00-ன்னு தலைகீழா போட்டு அவுட்புட் வரலன்னு முழிக்காத ஆளே கிடையாது.

இந்த தலைகீழ் வழக்கத்துக்கு ஒரு நல்ல பின்கதை உண்டு. 8008-ஓட இன்ஸ்ட்ரக்ஷன் செட் இன்டெல் சொந்தமா யோசிச்சது இல்ல, டெக்சாஸ்ல சான் அன்டோனியோவுல இருந்த கம்பெனி பண்ண டேட்டாபாயின்ட் 2200-ங்கற டெர்மினலுக்காக அவங்க வரையறுத்தது. அந்த மெஷின் ஒரு நேரத்துல ஒரு பிட்னு கூட்டும், கூட்டல்னா கீழ் பக்கத்துல இருந்துதான ஆரம்பிக்கணும், கேரி அப்படித்தான மேல போகும், அதனால கீழ் பைட் முதல்ல வர்றது அவங்களுக்கு வசதி. 8008 ஒரு நேரத்துல எட்டு பிட்டையும் சேர்த்தே கூட்டுற சிப், அந்த வசதி அதுக்கு தேவையே இல்ல, ஆனாலும் வரிசை அப்படியே ஒட்டிக்கிச்சு, 8080, 8085, 8086னு வந்து இன்னைக்கு உங்க லேப்டாப்ல இன்டெல்லோ ஏஎம்டியோ எது இருந்தாலும் அதே வரிசைதான்.

சரி, வயருக்கு வருவோம். எஸ்டிஏ முடிய 13 டி-ஸ்டேட் ஆகும், டி-ஸ்டேட்னா ஒரு க்ளாக் துடிப்பு. அது நாலு மெஷின் சைக்கிளா பிரியும். முதல் சைக்கிள் ஆப்கோட் ஃபெட்ச், நாலு துடிப்பு. முதல் துடிப்புல மேல் எட்டு அட்ரஸ் வயர்ல 41, ஏடி வயர்ல 00, ஏஎல்இ ஹை. லாட்ச் அந்த 00-ஐ பிடிச்சுக்கும். ரெண்டாவது துடிப்புல ஏடி வயரை சிப் கைவிட்டுடும், ஆர்டி பார்ங்கற ரீட் சிக்னல் கீழ இறங்கும், அதாவது மெமரிக்கு "குடு"ன்னு சிக்னல். மெமரி 32-ஐ அதே வயர்ல போடும், மூணாவது துடிப்புல சிப் அதை உள்ள எடுத்துக்கும், நாலாவதுல டீகோட் பண்ணும், ஓ இது எஸ்டிஏ, இன்னும் ரெண்டு பைட் வேணும்னு அப்போதான் அதுக்கே தெரியும். அடுத்த சைக்கிள் மெமரி ரீட், மூணு துடிப்பு, ஏடி வயர்ல முதல்ல 01 அட்ரஸா வரும், அப்புறம் 00 டேட்டாவா வரும். மூணாவது சைக்கிளும் ரீட்தான், 02 அட்ரஸ், 42 டேட்டா. படிச்ச இந்த ரெண்டு பைட்டும் உள்ள டபிள்யூ, இசட்னு நம்ம கைக்கு எட்டாத ரெண்டு தற்காலிக ரெஜிஸ்டர்ல உக்காரும். நாலாவது சைக்கிள் ரைட். இப்போ மேல் அட்ரஸ் வயர் 42-க்கு மாறும், ஏடி வயர்ல 00 அட்ரஸ், அப்புறம் ஏ-ல 25 இருந்தா 25 வெளிய வரும், டபிள்யூஆர் பார்ங்கற ரைட் சிக்னல் இறங்கும், மெமரி வாங்கி வச்சுக்கும்.

இப்போ ஏடி வயர்ல மட்டும் என்ன ஓடுச்சுன்னு வரிசையா எழுதிப் பாருங்க: 00, 32, 01, 00, 02, 42, 00, 25. இதுல 00 மூணு தடவை வருது. முதல் தடவை அது 4100-ஓட கீழ் பாதி. ரெண்டாவது தடவை மெமரி குடுத்த டேட்டா. மூணாவது தடவை 4200-ஓட கீழ் பாதி. வயரை மட்டும் பாத்தா மூணுக்கும் ஒரு வித்தியாசமும் இல்ல, எட்டு வயரும் ஸீரோ, அவ்ளோதான். எந்த துடிப்புல வந்துச்சு, அந்த நேரத்துல ஏஎல்இ என்ன சொல்லுச்சு, ஆர்டி சொல்லுச்சா டபிள்யூஆர் சொல்லுச்சா, இதை வச்சுதான் ஒவ்வொண்ணுக்கும் அர்த்தமே வருது. கம்ப்யூட்டர்ல ஒரு நம்பருக்கு தானா எந்த அர்த்தமும் கிடையாதுன்னு கிளாஸ்ல பத்து தடவை சொன்னாலும் ஏறாது, இந்த எட்டு நம்பரை கையால வரைஞ்சவனுக்கு ஏறும். அந்த 32-ம் அப்படித்தான், ஃபெட்ச் சைக்கிள்ல வந்ததால அது கட்டளை, ரீட் சைக்கிள்ல வந்திருந்தா வெறும் நம்பர். ப்ரோக்ராம் முடிவுல எச்எல்டி (நில்லுங்கற கட்டளை) போட மறந்தா சிப் அடுத்து இருக்கிற குப்பையையும் கட்டளைன்னு நினைச்சு ஓடிட்டே இருக்கிறதும் இதனாலதான், அதைப் பொறுத்தவரை ஃபெட்ச்ல வந்தா எல்லாமே ஆப்கோட்.

இப்படி எந்த துடிப்புல எந்த வயர்ல என்ன இருக்குன்னு வரையறதுதான் டைமிங் டயக்ராம், அது யூனிவர்சிட்டி எக்ஸாமுக்கு மனப்பாடமா வரையற படம்னு ஆகிப் போனது பெரிய கொடுமை. அதை வச்சு நேரம் கணக்கு போடலாம், அது இப்போ லேப்டாப்ல வர்ற மாதிரி ப்ராசசர்ல இவ்ளோ சுத்தமா வராது. 6.144 மெகாஹெர்ட்ஸ் கிரிஸ்டல் போட்டா சிப் அதை ரெண்டால வகுத்து 3.072-ல ஓடும், எஸ்டிஏவோட 13 துடிப்புக்கு சுமார் 4.2 மைக்ரோசெகண்ட். சி ரெஜிஸ்டர்ல எஃப்எஃப் (ஹெக்ஸ்ல 255) போட்டு டிசிஆர் சி (சி-ல ஒண்ணு குறை), ஜேஎன்இசட் (ஸீரோ ஆகலன்னா திரும்பப் போ)னு சுத்த விட்டா 255 சுத்து, ஒரு சுத்துக்கு 14 துடிப்பு, கடைசி சுத்துல ஜம்ப் நடக்காததால 3 கம்மி, ஆரம்பத்துல அந்த எஃப்எஃப்-ஐ போடற எம்விஐக்கு 7, ஆக 3,574 துடிப்பு, 1.16 மில்லிசெகண்ட். எல்இடி மினுக்கறது கண்ணுக்கு தெரிய இது பத்தாது. அதனால பி, சி ரெஜிஸ்டர் ஜோடில நாலு எஃப் போட்டு டிசிஎக்ஸ் பி (ஜோடில ஒண்ணு குறை), அதோட ஸீரோ செக் பண்ண மவ் ஏ,சி, ஓஆர்ஏ பி, அப்புறம் ஜேஎன்இசட், ஒரு சுத்துக்கு 24 துடிப்பு, 65,535 சுத்து, போட்டுப் பாத்தா 0.51 செகண்ட் வரும். நடுவுல அந்த ஓஆர்ஏ எதுக்குன்னா டிசிஎக்ஸ் எந்த ஃப்ளாகையும் (விடை ஸீரோவா மாதிரி விஷயத்தை குறிச்சு வைக்கிற பிட்) தொடாது, அது தெரியாம நேரா ஜேஎன்இசட் போட்டா ஜம்ப் பழைய ஃப்ளாகை பாத்துட்டுதான் முடிவு பண்ணும், ஒண்ணு லூப் நிக்கவே நிக்காது இல்லன்னா உடனே வெளிய வந்துடும். வைவால இந்த ஒரு கேள்வில விழுந்தவங்க நிறைய பேர். புக்கோட பின்னாடி அப்பெண்டிக்ஸ்ல ஒவ்வொரு இன்ஸ்ட்ரக்ஷனுக்கும் எந்த ஃப்ளாக் மாறும், எத்தனை துடிப்புன்னு இருக்கு, புக்ல அதிகமா அழுக்கான பக்கம் அதுவாதான் இருக்கணும்.

அடுத்து யாருமே கேக்காத கேள்வி. லேப் கிட்ல ப்ரோக்ராமை ஏன் 4100-ல ஆரம்பிக்கணும்? ரெக்கார்ட் நோட்டுல எல்லா எக்ஸ்பெரிமென்ட்டும் 4100-லதான் ஆரம்பிக்கும், ஏன் 0000-ல ஆரம்பிக்கக்கூடாது? ரீசெட் அழுத்தினா சிப் எப்பவும் 0000-ல இருந்துதான் படிக்க ஆரம்பிக்கும், அதனால அங்க கரண்ட் போனாலும் அழியாத ஈப்ராம் இருந்தே ஆகணும், கீபோர்டை படிச்சு டிஸ்ப்ளேல காட்டற மானிட்டர் ப்ரோக்ராம் அதுலதான் இருக்கு. ரேம் எங்க ஆரம்பிக்கணும்கறது போர்டை டிசைன் பண்ணவர் இஷ்டம், அதை அவர் எப்படி முடிவு பண்றாருன்னு பாத்தா மெமரி இன்டர்ஃபேசிங் மொத்தமும் புரிஞ்சிடும். 6264 ரேம் 8 கிலோபைட், அதுக்கு 13 அட்ரஸ் வயர் போதும். 8085-கிட்ட 16 இருக்கு. மிச்சம் மேல இருக்கிற மூணு. அந்த மூணையும் 74எல்எஸ்138 டீகோடர்ல குடுத்தா எட்டு வெளியீடு வரும், 64 கிலோபைட் இடம் எட்டு சம துண்டா பிரியும், ஒவ்வொரு வெளியீடும் ஒரு சிப்போட செலக்ட் பின்னுக்கு போகும். முதல் துண்டு 0000-ல ஆரம்பிக்கும், ரெண்டாவது 2000, மூணாவது 4000. மூணாவது வெளியீட்டுல ரேமை கட்டினா ரேம் 4000-ல இருந்து, அவ்ளோதான் ரகசியம். எங்க கிட்ல முதல் 256 இடத்தை மானிட்டர் தன்னோட சொந்த வேலைக்கு எடுத்துக்கும், அதனால நமக்கு 4100.

இதுல ஒரு வயரை கட்டாம விட்டா என்ன ஆகும்னு யோசிக்கிறதுதான் இன்னும் சுவாரசியம். கடைசி மூணுல கீழ இருக்கிற ஏ13-ஐ டீகோடருக்கு குடுக்காம அந்த இன்புட்டை க்ரவுண்ட்ல கட்டிட்டா, 4100-ல எழுதினது 6100-லயும் தெரியும். ரெண்டு அட்ரஸ், ஒரே செல். காசு மிச்சம் பண்ண சின்ன போர்டுகள்ல வேணும்னே இப்படி பண்ணுவாங்க. அட்ரஸ்ங்கறது மெமரிக்குள்ள எழுதி வச்சிருக்கிற நம்பர் கிடையாது, வெளிய வயரை எப்படி கட்டினோம்கறதுதான் அட்ரஸ். இதை புரிஞ்சுக்கிட்ட ஒருத்தர் அப்புறம் எஸ்டிஎம்32 மாதிரி ஒரு மைக்ரோகன்ட்ரோலர் மேனுவல்ல மெமரி மேப்பை திறந்தா பயப்பட மாட்டாரு, ஜிபிஐஓவுக்கு (வெளி பின்களை ஆட்டற பகுதி) ஏன் ஒரு அட்ரஸ் இருக்கு, ரேமுக்கும் அதுக்கும் நடுவுல ஏன் பெரிய ஓட்டை இருக்குன்னு கேள்வியே வராது.

இன்டரப்ட் பத்தி நீட்டாம ஒண்ணே ஒண்ணு. ஒவ்வொரு இன்டரப்டுக்கும் சிப் தாவிப் போற அட்ரஸ் ஒண்ணு உண்டு: ட்ராப்ங்கற இன்டரப்டுக்கு 0024, ஆர்எஸ்டி 5.5-க்கு 002சி, 6.5-க்கு 0034, 7.5-க்கு 003சி. இதை டேபிளா மனப்பாடம் பண்ண வைக்கிறாங்க. ஆர்எஸ்டி நம்பரை எட்டால பெருக்கினா போதும், 5.5 எட்டு தடவை 44, ஹெக்ஸ்ல 2சி. பழைய 8080-ல ஆர்எஸ்டி 0 முதல் 7 வரை எட்டெட்டு பைட் தள்ளி இருந்துச்சு, புதுசா வந்த வன்பொருள் இன்டரப்டை அந்த இடைவெளி நடுவுல சொருகினாங்க, அதனாலதான் அரை. ட்ராப்புக்கு பேர்ல நம்பர் இல்லையே தவிர அதுவும் 4.5-தான்.

ப்ரோக்ராமிங் பாகத்துல ஸ்டாக்கும் சப்ரொட்டீனும் (வேணும்போது கூப்பிடற குட்டி ப்ரோக்ராம்) வர்ற அத்தியாயம் கட்டாயம், கால் பண்ணா திரும்பி வர வேண்டிய அட்ரஸ் எங்க போய் உக்காருதுன்னு அதுல பாத்துட்டா சி-ல ரிகர்ஷனும் ஸ்டாக் ஓவர்ஃப்ளோவும் தன்னால விளங்கிடும். பிசிடி கூட்டல், கோட் கன்வர்ஷன் எல்லாம் ஒரு தடவை பண்ணிட்டு விட்டுடலாம். மூணாவது பாகத்துல 8255, 8279, 8259-ன்னு வர்ற சிப்களோட கன்ட்ரோல் வேர்டை (எப்படி வேலை செய்யணும்னு சிப்புக்கு சொல்ற பைட்) இன்னைக்கு யாரும் மனப்பாடம் பண்ண வேண்டியதில்ல, ஆனா 8255-ஐ மட்டும் ஒரு தடவை படிங்க, ஒரு ரெஜிஸ்டர்ல எழுதினா வெளி உலகத்துல ஒரு பின் அசையுதுங்கறதை அதைவிட எளிமையா காட்டற சிப் கம்மி.

புக்ல குறையும் இருக்கு. பைப்லைன் (ஒரு கட்டளை முடியறதுக்குள்ள அடுத்ததை ஆரம்பிக்கிறது), கேஷ் (ப்ராசசருக்குள்ளயே இருக்கிற சின்ன வேகமான மெமரி) எதுவும் கிடையாது, 8085-லயே இல்லாததை எப்படி சொல்லுவாங்க, ஆனா இதை மட்டும் படிச்சுட்டு நிறுத்தினவங்களுக்கு ஒரு இன்ஸ்ட்ரக்ஷனுக்கு இத்தனை துடிப்புன்னு அச்சடிச்ச மாதிரி ஒரு நம்பர் எப்பவும் இருக்கும்னு மனசுல பதிஞ்சிடும், இப்போ இருக்கிற ப்ராசசர்ல அந்த கணக்கு செல்லாது, அதே லோட் கேஷ்ல கிடைச்சா சில துடிப்பு, கிடைக்கலன்னா நூறுக்கும் மேல. இன்னொரு விஷயம், சிப்புக்குள்ள 256 ஆப்கோட்ல இன்டெல் வெளிய சொன்னது 246-தான். மிச்சம் பத்தும் சும்மா காலி இல்ல, அதுலயும் வேலை செய்யற இன்ஸ்ட்ரக்ஷன் இருக்கு, 8086 வர்ற நேரத்துல அதோட ஒத்துப் போகணும்னு இன்டெல் அதை மேனுவல்ல போடாம மறைச்சிடுச்சு. எச்எல் ரெஜிஸ்டர் ஜோடில இருந்து பி, சி ஜோடியை கழிக்கிற ஒரு 16 பிட் கழித்தல் அதுல ஒண்ணு. லேப்ல அதுக்காக நாலஞ்சு வரி எழுதினவங்க இதைக் கேட்டா கடுப்பாவாங்க.

பழசுன்னு ஒரேடியா ஒதுக்கவும் முடியாது. 1997-ல செவ்வாய்ல இறங்கின சோஜர்னர் ரோவருக்குள்ள இருந்தது 8085-ஓட இன்னொரு வடிவமான 80சி85, 2 மெகாஹெர்ட்ஸ்ல ஓடுச்சு. ஆனா இதை ஒரு காரணமா சொல்லி யாரையும் 8085 படிக்க சொல்ல மாட்டேன். வேலைக்கு வேணும்னா ஆர்ம் ப்ராசசர் படிங்க, ஆர்டுயினோல இருந்து ஆரம்பிங்க, தப்பே இல்ல. வழக்கமான ஆர்டுயினோ ஊனோ போர்டுல இருக்கிற ஏடிமெகா328பி-ல பஸ் (அட்ரஸ், டேட்டா வயர்கள்) வெளிய வராது, ஃப்ளாஷும் ரேமும் உள்ளயே, அதனால டிஜிட்டல்ரைட்னு ஒரு வரி போட்டா எல்இடி எரியும், நடுவுல என்ன நடந்துச்சுன்னு கேக்கத் தோணாது. கேக்கத் தோணுறவங்களுக்குத்தான் இந்த புக்.

எப்படி படிக்கலாம்னு கேட்டா, எந்த எடிஷனா இருந்தாலும் பரவாயில்ல, பழைய புத்தகக் கடைல கிடைச்சா போதும், 8085 மாறவே இல்லையே. க்னூசிம்8085 மாதிரி இலவச சிமுலேட்டர் இருக்கு, ப்ரோக்ராம் ஓட்டிப் பாக்க நல்லது, ஆனா அது ரெஜிஸ்டரையும் மெமரியையும்தான் காட்டும், ஏடி வயர்ல என்ன ஓடுச்சுன்னு காட்டாது, அதுக்கு கட்டம் போட்ட நோட்டும் பென்சிலும்தான். நாலாவது அத்தியாயம் முடிச்சதும் அவுட் 01-ன்னு (ஏ-ல இருக்கிறதை 01-ங்கற போர்ட்டுக்கு அனுப்பு) ஒரு இன்ஸ்ட்ரக்ஷனை எடுத்துக்கிட்டு பத்து துடிப்பையும் நீங்களே வரைங்க. மூணாவது மெஷின் சைக்கிள்ல போர்ட் நம்பர் எட்டே பிட், அது ஏடி வயர்ல வந்துடும், அப்போ மேல் எட்டு அட்ரஸ் வயர்ல என்ன இருக்கும்னு முதல்ல யூகிச்சு எழுதிட்டு, அப்புறம் அஞ்சாவது அத்தியாயத்துல சரி பாருங்க. பாதி பேர் ஸீரோன்னு எழுதுவாங்க. அங்கயும் 01-தான்.